பத்திரத்தோடு மோதி வளர்ந்த வக்கீல்: ஃபெலிக்ஸ் கிரண்டி

1790-களில் அமெரிக்காவின் கென்டக்கியில் அடிக்கடி நடந்த சங்கதி இது. ஒரு குடும்பம் காட்டை வெட்டித் திருத்தும், மரக்கட்டைகளை அடுக்கி வீடு கட்டும், சோளம் விதைக்கும். ஐந்தாறு அறுவடை முடிந்திருக்கும். அப்போது வெளியூர்க்காரர் ஒருவர் கையில் பத்திரத்தோடு வந்து, இந்த நிலம் தன் பெயரில் பதிவானது என்பார். பெரும்பாலும் அவர் சொல்வது பொய்யாகவும் இருக்காது. அந்தக் குடும்பத்திடமும் ஒரு காகிதம் இருக்கும். சில சமயம் இரண்டையும் விட்டு மூன்றாவதாக இன்னொருவர் வருவார்.

இந்த வில்லங்கத்துக்கு ஊற்றுக்கண் 1779-ல் வர்ஜீனியா போட்ட நிலச் சட்டம். 1792-ல் தனி மாநிலம் ஆகும்வரை கென்டக்கி வர்ஜீனியாவின் மேற்குப் பகுதிதான். அந்தச் சட்டப்படி ஒருவர் முதலில் இத்தனை ஏக்கர் எடுத்துக்கொள்ளலாம் என்று ஒரு வாரண்ட், அதாவது அனுமதிச் சீட்டு, வாங்க வேண்டும். அப்புறம் தனக்குப் பிடித்த இடத்தைச் சர்வேயர் அலுவலகத்தில் எழுதிவைக்க வேண்டும். பிறகு அளவை, கடைசியில் ஆளுநரின் கையெழுத்தோடு பட்டா. கேட்க ஒழுங்காகத்தான் இருக்கிறது. ஆனால் அரசாங்கம் அந்த மண்ணை முன்கூட்டி அளந்து எண் போட்டு வைக்கவே இல்லை. ஓடை பிரியும் இடம், கோடரியால் அடையாளம் வெட்டிய மரம், யாரோ ஒருவருடைய முகாம் என்று வாய்க்கு வந்த குறிப்புகளை வைத்தே பதிவுகள் நடந்தன. ஒரே நிலத்தின்மேல் நாலைந்து பதிவுகள் ஏறின. அந்தக் காட்டுக்குள் வழி கண்டுபிடித்தவர் என்று பெயர் பெற்ற டேனியல் பூனே, தான் உரிமை கோரிய நிலங்களை இப்படித்தான் இழந்தார்.

மண்ணை விட வழக்கு நன்றாக விளைந்த இந்த ஊருக்கு வக்கீல்கள் வந்து குவிந்தார்கள். 1790-ல் கென்டக்கியின் மக்கள்தொகை 73,677. பத்தே வருடத்தில் அது 2,20,955 ஆனது. இவர்களில் கணிசமானோர் தாங்கள் நிற்கும் இடம் தங்களுடையதுதானா என்று உறுதியாகத் தெரியாதவர்கள். நீதிமன்றத்தில் இவர்களுக்காகப் பேசத் தெரிந்தவர்களுக்கு சட்டமன்றமும் எட்டும் தூரத்தில்தான் இருந்தது. ஃபெலிக்ஸ் கிரண்டி வளர்ந்தது இந்த வழியில்தான். அவருடைய அரசியல் எதிராளியும் பின்னாளில் தேசியத் தலைவருமான ஹென்றி கிளேயின் பெயர் நிலைத்த அளவு இவர் பெயர் நிலைக்கவில்லை. ஆனால் எல்லைப்புற வக்கீல்-அரசியல்வாதி எப்படி உருவானார், எதற்காக நின்றார், எந்த இடத்தில் சறுக்கினார் என்று பார்க்க கிளேயை விட இவர்தான் பொருத்தமானவர் என்று எனக்குத் தோன்றுகிறது.

கிரண்டி 1777 செப்டம்பர் 11 அன்று வர்ஜீனியாவின் பெர்க்லி கவுண்டியில் (மாநிலத்துக்குள் அடங்கிய சிறு நிர்வாகப் பகுதி) பிறந்தார். இன்று அது மேற்கு வர்ஜீனியாவில் இருக்கிறது. குடும்பம் முதலில் பென்சில்வேனியாவின் பிரவுன்ஸ்வில்லுக்கும், 1780-ல் அங்கிருந்து கென்டக்கிக்கும் போனது. பூர்வகுடிகளோடு நடந்த மோதல்களில் அவருடைய அண்ணன்மார் உயிரிழந்தார்கள். 1830-ல் அமெரிக்க மேலவையான செனட்டில் அவர் ஆற்றிய ஓர் உரையில் இந்த நினைவு வருகிறது. அந்நாளில் ஒவ்வொரு புதரிலும் சாவு பதுங்கி இருந்தது என்றார். விதவைத் தாய் ஒரே இரவில் சொத்து முழுவதையும் கொள்ளை கொடுத்துவிட்டு, கடைசி மகனைப் படிக்க வைக்கத் தன் கையால் உழைத்ததைச் சொன்னார். அந்த மகன்தான் இப்போது உங்கள் முன் பேசிக்கொண்டிருக்கிறான் என்று முடித்தார்.

அந்த வலி உண்மையானது. அந்தப் பேச்சில் வராத பாதியும் உண்மையானது. ஷானி, செரோக்கி மக்கள் தலைமுறை தலைமுறையாக வேட்டையாடிய மண்ணுக்குத்தான் இந்தக் குடும்பங்கள் வந்து இறங்கின. அனுபோகத்தில் இருப்பவனுக்கே நிலம் என்ற வாதத்தை எல்லைப்புற வக்கீல்கள் உருக்கமாகப் பேசினார்கள். அதே வாதம் பூர்வகுடிகளுக்கும் பொருந்தும் என்பதை அவர்கள் காதில் போட்டுக்கொள்ளவே இல்லை.

தாயின் உழைப்பில் கிரண்டி பார்ட்ஸ்டவுன் அகாடமியில் படித்தார். பிறகு கென்டக்கியின் முதல் அரசியலமைப்பை எழுதுவதில் முன்னின்ற ஜார்ஜ் நிக்கலஸிடம் சட்டம் பயின்றார். அன்று அந்தப் பக்கத்தில் சட்டம் படிப்பது என்றால், ஒரு சீனியரின் அலுவலகத்தில் உட்கார்ந்து அவருடைய புத்தகங்களைப் படிப்பது, மனுக்களைப் படி எடுப்பது, கூடவே நீதிமன்றம் போவது. 1797-ல் பார்ட்ஸ்டவுனில் தொழில் தொடங்கினார். இரண்டே வருடத்தில், 1799-ல், மாநில அரசியலமைப்பைத் திருத்தி எழுதிய மாநாட்டில் உறுப்பினர். அப்போது வயது 21. 1800-ல் கென்டக்கி சட்டமன்றத்துக்குப் போனார்.

சட்டமன்றத்தில் அவர் கையில் எடுத்த முதல் பெரிய பிரச்சினை, நீதிமன்றம் எங்கே இருக்க வேண்டும் என்பது. அப்போது முக்கியமான வழக்குகள் எல்லாம் சில ஊர்களில் மட்டும் இருந்த மாவட்ட நீதிமன்றங்களில்தான் நடந்தன. குதிரையில் பல நாள் பயணம் செய்து, சாட்சிகளையும் கூட்டிக்கொண்டு போய், வாய்தா வாங்கித் திரும்புவதென்றால் சாதாரண விவசாயிக்கு அதுவே பாதித் தோல்வி. ஒவ்வொரு கவுண்டிக்கும் நீதிமன்றம் வர வேண்டும், நீதிபதி சுற்றில் வரட்டும் என்றார் கிரண்டி. லெக்சிங்டனைச் சுற்றியிருந்த பெரிய நிலக்காரர்களும் அவர்களுடைய வக்கீல்களும் கடுமையாக எதிர்த்தார்கள். உள்ளூரில் வழக்கு நடந்தால் தீர்ப்புச் சொல்ல உள்ளூர் ஜனங்களில் இருந்து எடுத்த ஜூரிதான் உட்காரும். பத்திரத்தோடு வரும் வெளியூர்க்காரருக்கும் பக்கத்து வீட்டுக்காரருக்கும் நடுவில் அந்த ஜூரி யார் பக்கம் சாயும் என்பது எல்லோருக்கும் தெரியும்.

1802-ல் சுற்று நீதிமன்றச் சட்டம் நிறைவேறியது. அதன்படி ஒரு சட்டம் படித்த நீதிபதியோடு, சட்டம் படிக்காத உள்ளூர்க்காரர் இருவரும் துணை நீதிபதிகளாக உட்காரலாம். ஆளுநர் ஜேம்ஸ் கராட் அதைத் தடுத்து வீட்டோ செய்தார். சட்டமன்றம் அவருடைய வீட்டோவை மீறி மறுபடி நிறைவேற்றியது. கென்டக்கி வரலாற்றில் அப்படி நடந்தது அதுவே முதல் தடவை. படிக்காத நீதிபதிகள் என்ற ஏற்பாடு சரியானதா என்று கேட்டால், அதில் குறை இருக்கத்தான் செய்தது. ஆனால் நீதிமன்றத்துக்கே போய்ச் சேர முடியாதவனுக்கு நீதிபதியின் படிப்பால் என்ன லாபம்? கிரண்டியின் வாழ்நாள் வேலையில் எனக்கு மதிப்பாகத் தெரிவது இந்தச் சட்டம்தான்.

அடுத்த சண்டை லெக்சிங்டனில் தொடங்கிய கென்டக்கி இன்சூரன்ஸ் கம்பெனியைப் பற்றியது. நதி வழியாக நியூ ஆர்லியன்ஸ் போகும் சரக்குகளுக்குக் காப்பீடு தருவதற்காக 1802-ல் அதற்குச் சாசனம் கொடுத்தார்கள். அந்தச் சாசனத்தில் இருந்த ஒரு பிரிவைப் பிடித்துக்கொண்டு கம்பெனி பணத்தாள் அச்சடித்து வங்கியாகவே நடக்க ஆரம்பித்தது. சாசனத்தை ரத்து செய் என்று கிரண்டி கிளம்பினார். கம்பெனிக்காகப் பேசியவர் அவரைப் போலவே 1777-ல் பிறந்து, அவரைப் போலவே வர்ஜீனியாவிலிருந்து வந்த ஹென்றி கிளே.

ரத்து மசோதா நிறைவேறியது. ஆளுநர் கிரீனப் தடுத்தார். தடையைத் தாண்டும் வாக்கெடுப்பு நடந்துகொண்டிருந்த வேளையில் கிளே வேறொரு மசோதாவைத் தூக்கிப்போட்டார். கிரண்டியின் பலமே தெற்கே கிரீன் நதிப் பகுதியிலிருந்து வந்த உறுப்பினர்கள்தான். அந்தப் பகுதிக் குடியேறிகள் அரசாங்கத்திடம் தவணைக்கு நிலம் வாங்கி, பணம் கட்டாமல் பாக்கி வைத்திருந்தார்கள். அந்தப் பாக்கியை உடனே வசூலிக்க வேண்டும் என்றது கிளேயின் மசோதா. கிரீன் நதி உறுப்பினர்கள் அரண்டு போய் இறங்கி வந்தார்கள். கம்பெனி தப்பித்தது. சாமர்த்தியம் என்ற அளவில் கிளேயைப் பாராட்டலாம். ஆனால் கடனாளியின் கழுத்தில் கை வைத்து வங்கியைக் காப்பாற்றிய வித்தை அது என்பதையும் சேர்த்தே சொல்ல வேண்டும்.

1806-ல் கிரண்டி மாநில மேல்முறையீட்டு நீதிமன்றத்துக்கு நீதிபதியானார். அடுத்த வருடமே தலைமை நீதிபதி. முப்பது வயதுக்குள் ஒரு மாநிலத்தின் நீதித்துறை உச்சிக்குப் போய்விட்டார். ஆனால் அந்தச் சம்பளத்தில் பெரிய குடும்பத்தை ஓட்ட முடியவில்லை. பதவியை விட்டுவிட்டு டென்னசியில் நாஷ்வில்லுக்குப் போய் மறுபடி வக்கீலானார்.

நாஷ்வில்லில்தான் அவருடைய தொழில் புகழ் உச்சத்துக்குப் போனது, அதுவும் குற்றவியல் வழக்குகளில். இங்கே அன்றைய விதி ஒன்றைச் சொல்ல வேண்டும். குற்றம் சாட்டப்பட்டவர் தனக்காகச் சாட்சிக் கூண்டில் ஏறிப் பேச அப்போது சட்டம் இடம் தரவில்லை. அமெரிக்காவில் அந்த விதி மாறத் தொடங்கியது 1860-களில்தான். ஆகவே கட்சிக்காரரின் பயம், கோபம், குடும்பம், நியாயம் எல்லாமே வக்கீலின் வாய் வழியாகத்தான் ஜூரியைப் போய்ச் சேர வேண்டும். கிரண்டி சட்டப் புத்தகங்களில் ஆழ்ந்தவர் என்று பெயர் வாங்கியவரல்ல. ஜூரியைத் தேர்ந்தெடுப்பதிலும், குறுக்கு விசாரணையிலும், கேட்பவரை அழவைக்கும் முடிவுரையிலும்தான் அவர் கெட்டிக்காரர். கொலை வழக்குகளில் அவர் காப்பாற்ற நின்றவர்களில் தூக்குக்குப் போனது ஒருவர்தான் என்று நாஷ்வில் வட்டாரத்தில் பிற்காலம் வரை சொல்லிக்கொண்டிருந்தார்கள்.

ஓர் உதாரணம்: 1810-ல், பின்னாளில் அமெரிக்க அதிபரான ஆண்ட்ரூ ஜாக்சனின் நண்பர் பேட்டன் ஆண்டர்சன் சுடப்பட்டு இறந்தார். வழக்கு ஃபிராங்க்ளின் ஊரில் நடந்தது. குற்றம் சாட்டப்பட்ட மேக்னஸ் குடும்பத்துக்காக கிரண்டி நின்றார். செத்தவர் சண்டைக்காரர், அமைதியைக் கெடுப்பவர் என்று காட்டுவதே அவருடைய திட்டம். சாட்சிக் கூண்டில் ஏறியவர் ஜாக்சன். ஆண்டர்சனின் குணத்தைப் பற்றிக் கேட்டபோது, அயோக்கியர்களுக்கு அவர் இயல்பிலேயே எதிரி என்று ஜாக்சன் முகத்துக்கு நேரே பதில் சொன்னதாகக் கதை உண்டு. கொள்ளிக்கண் ஜாக்சனை நிற்க வைத்துக் கேள்வி கேட்கவே தனித் துணிச்சல் வேண்டும். பின்னாளில் அதே ஜாக்சனின் கட்சியில் கிரண்டி செனட்டர் ஆனார்.

நீதிமன்றம் கூடும் நாள் அந்த ஊர்களில் சந்தை நாள் மாதிரி. குதிரை விற்பவர், கடன் வசூலிக்க வந்தவர், சும்மா வேடிக்கை பார்க்க வந்தவர் எல்லோரும் கூடுவார்கள். வக்கீல் பேசுவதைக் கேட்கும் அதே கூட்டம்தான் தேர்தலில் வாக்களிக்கும். எனவே தனியாகப் பிரசாரம் என்று பெரிதாகத் தேவைப்படவில்லை. நாஷ்வில்லுக்கு வந்து நான்கு வருடத்துக்குள், 1811-ல், கிரண்டி அமெரிக்க நாடாளுமன்றமான காங்கிரஸின் கீழவைக்குப் போய்விட்டார்.

அங்கே சபாநாயகர் யார் என்றால், அதே ஹென்றி கிளே. இந்தத் தடவை இருவரும் ஒரே பக்கம். பிரிட்டனோடு போர் வேண்டும் என்று நின்ற இளம் உறுப்பினர்களைப் போர்ப் பருந்துகள் என்பார்கள். வெளியுறவுக் குழுவில் இன்னொரு போர்ப் பருந்தான ஜான் கால்ஹூனோடு கிரண்டியும் இடம்பெற்றார். கடலில் அமெரிக்கக் கப்பல்களை நிறுத்தி மாலுமிகளைப் பிரிட்டிஷார் இழுத்துப் போவது கிழக்குக் கரைக்காரர்களின் புகார். கிரண்டியின் புகார் வேறு: பூர்வகுடிகளுக்கு ஆயுதம் கொடுத்துத் தூண்டுவது பிரிட்டன் என்றார். 1811 நவம்பரில் டிப்பிகனூவில் அமெரிக்கப் படைக்கும் பூர்வகுடிகளுக்கும் நடந்த மோதல் அவருடைய வாதத்துக்கு எண்ணெய் ஊற்றியது. டிசம்பரில் பேசும்போது, தெற்கே ஃபுளோரிடாவைச் சேர்ப்பதோடு வடக்கே கனடாவையும் சேர்க்க வேண்டும் என்று ஒளிக்காமல் சொன்னார். 1812 ஜூனில் கீழவை 79-க்கு 49 என்ற கணக்கில் போருக்கு வாக்களித்தது. இந்தப் போரைத் தொடங்கியது அதிபர் மேடிசன், கிரண்டி, அப்புறம் சாத்தான் என்று போரை எதிர்த்த ஃபெடரலிஸ்ட் கட்சியினர் ஏசினார்கள். தன் சகோதரர்களை இழந்தவரின் கோபத்தைப் புரிந்துகொள்ள முடிகிறது. ஆனால் டெகும்சே போன்ற ஷானித் தலைவர்களுக்குப் போராட லண்டனிலிருந்து யாரும் காரணம் சொல்லித்தர வேண்டிய நிலை இல்லை. காரணம் அவர்கள் காலுக்குக் கீழேயே இருந்தது.

1814-ல் காங்கிரஸிலிருந்து விலகினார். 1819-ல் அமெரிக்கா முழுவதும் பொருளாதாரம் சரிந்தது. பருத்தி விலை விழுந்தது, நாஷ்வில் வங்கிகள் பணத்தாளுக்கு வெள்ளி தருவதை நிறுத்தின, கடனுக்காக ஜப்தி மேல் ஜப்தி. கிரண்டி மறுபடி அரசியலுக்கு வந்து, டென்னசி சட்டமன்றத்துக்குப் போனார். கடன் கொடுத்தவர் குறிப்பிட்ட வங்கிகளின் தாள்களை ஏற்க மறுத்தால், இரண்டு வருடம் ஜப்தி செய்யாமல் காத்திருக்க வேண்டும் என்று சட்டம் வந்தது. 1820-ல் மாநில அரசே கடன் கொடுக்க ஒரு வங்கியைத் தொடங்கியது. இரண்டுக்கும் பின்னால் இருந்த முக்கியமான கை கிரண்டியுடையது. ஜாக்சன் இதைக் கடுமையாக எதிர்த்தார். 1821-ல் டென்னசி உயர்நீதிமன்றம் டவுன்சென்ட் வழக்கில், ஒப்பந்தத்தின் கடமையைக் கெடுக்கும் சட்டம் செல்லாது என்று ஜப்தித் தடையை அடித்துவிட்டது. சட்டம் போனாலும், அது நின்ற கொஞ்ச காலத்தில் பல குடும்பங்களுக்கு மூச்சுவிட நேரம் கிடைத்தது.

அதே 1820-ல் நடந்த இன்னொரு வேலை எனக்குப் பிடித்தமானது. கென்டக்கி-டென்னசி எல்லை 36 பாகை 30 நிமிட வட அட்சக் கோட்டில் போக வேண்டும். ஆனால் 1779-80-ல் அளந்த தாமஸ் வாக்கரின் கோடு மேற்கே போகப் போக வடக்கே விலகிவிட்டது. நடுவில் சிக்கிய துண்டு யாருக்கு என்று நாற்பது வருடச் சண்டை. டென்னசி தரப்பில் பேச வந்த இருவரில் ஒருவர், ஒரு காலத்தில் கென்டக்கியின் தலைமை நீதிபதியாக இருந்த கிரண்டி. தவறான கோட்டையே பெரும்பகுதிக்கு எல்லையாக வைத்துக்கொண்டார்கள். இடையிலுள்ள காலி நிலத்துக்குப் பட்டா கொடுக்கும் உரிமை கென்டக்கிக்குப் போனது. அந்தக் கோட்டை நம்பி வீடு கட்டியவர்கள் இருந்த இடத்திலேயே இருந்தார்கள்.

இந்த நாட்களில் அவருடைய அலுவலகத்தில் ஓர் ஒல்லியான ஜூனியர் இருந்தார், ஜேம்ஸ் போல்க். 1819-ல் மாநில செனட்டின் எழுத்தர் வேலைக்கு கிரண்டிதான் அவரை முன்னுக்குத் தள்ளினார். 1820-ல் வக்கீலான போல்க், 1845-ல் அமெரிக்க அதிபரானார். பதவி முடிந்து அவர் தங்கி இறந்த நாஷ்வில் வீடு முன்பு கிரண்டியுடையது.

1829-ல் கிரண்டி செனட்டர். 1838-ல் அதிபர் வான் பியூரன் அவரை அட்டர்னி ஜெனரல் ஆக்கினார். நீதித்துறை அமைச்சகம் என்று ஒன்று உருவானது 1870-ல்தான். அன்றைக்கு அட்டர்னி ஜெனரலின் முக்கிய வேலை, கேட்டால் சட்டக் கருத்து எழுதித் தருவது. 1839-ல் அவரிடம் கருத்துக்கு வந்தது அமிஸ்டாட் கப்பல் விவகாரம்.

ஆப்பிரிக்காவிலிருந்து கடத்தப்பட்டு ஹவானாவில் விற்கப்பட்ட 53 பேரை ஏற்றிப் போன ஸ்பானியக் கப்பல் அது. அவர்கள் கிளர்ந்தெழுந்து கப்பலைக் கைப்பற்றினார்கள். ஆகஸ்டில் லாங் ஐலண்ட் அருகே அமெரிக்கக் கடற்படை அவர்களைப் பிடித்தது. ஆப்பிரிக்காவிலிருந்து அடிமைகளைக் கொண்டுவருவது ஸ்பானியச் சட்டப்படியே 1820 முதல் குற்றம். அதை மறைக்கத்தான் கப்பல் பத்திரங்களில் அவர்களுக்கு ஸ்பானியப் பெயர் போட்டு, கியூபாவில் நெடுநாள் இருந்த அடிமைகள் என்று எழுதியிருந்தார்கள். அவர்களுக்கு ஸ்பானிய மொழியே தெரியாது. பேசியது மெண்டே மொழி. நாலு சிறுபிள்ளைகளும் அதில் இருந்தார்கள். காகிதம் பொய் என்று பார்த்தவுடனே தெரியும்.

கிரண்டி எழுதிய கருத்து: ஸ்பானிய அதிகாரிகள் கையெழுத்திட்ட பத்திரங்கள் ஒழுங்காக இருக்கின்றன. அதில் எழுதியிருப்பது உண்மையா என்று துருவிப் பார்க்க அமெரிக்க அரசுக்கு அதிகாரம் இல்லை. 1795 ஒப்பந்தப்படி கப்பலையும் அதில் இருந்தவர்களையும் ஸ்பெயினின் தூதர் குறிப்பிடும் ஆட்களிடம் கொடுத்துவிட வேண்டும்.

சுற்று நீதிமன்றத்தில் பத்திரக்காரனுக்கு எதிராக உள்ளூர் ஜூரியை உட்கார வைத்தவரும், கடன் பத்திரத்தை இரண்டு வருடம் நிறுத்தி வைத்தவரும் எழுதிய கருத்து இது. வயதாகிப் புத்தி மாறிவிட்டது என்று இதற்குச் சமாதானம் சொல்ல முடியாது. கிரண்டி கடைசிவரை ஒரே பக்கம்தான் நின்றார்: தனக்கு வாக்களித்த வெள்ளைக் குடியேறிகளின் பக்கம். அவர்களுக்குக் காகிதம் தடையாக வந்தபோது அதைத் தாண்டினார், காவலாக வந்தபோது அதன் பின்னால் நின்றுகொண்டார். அவரே அடிமைகளை வைத்திருந்தவர். எல்லைப்புற ஜனநாயகம் ஏழைக்காகப் பேசியது உண்மை. எந்த ஏழை என்று முன்கூட்டியே அது தீர்மானித்திருந்ததும் உண்மை. கிரண்டியின் வாழ்க்கையை முழுதாகப் படித்தால் இந்த இரண்டையும் பிரிக்க முடியவில்லை.

1839 டிசம்பரில் அவர் செனட்டுக்குத் திரும்பினார். அட்டர்னி ஜெனரல் பதவியில் இருக்கும்போதே தேர்ந்தெடுக்கப்பட்டது செல்லுமா என்று கேள்வி வந்ததால், செனட் பதவியிலிருந்து விலகி அதே நாளில் மறுபடி தேர்வானார். 1840 டிசம்பர் 19 அன்று நாஷ்வில்லில் இறந்தார். டென்னசி, இல்லினாய், மிசூரி, அயோவா என நான்கு மாநிலங்களில் அவர் பெயரில் கவுண்டிகள் இருக்கின்றன.

அவர் இறந்து மூன்று மாதத்துக்குள் அந்தக் கருத்து உச்ச நீதிமன்றத்தில் அலசப்பட்டது. ஆப்பிரிக்கர்களுக்காக வாதாடிய முன்னாள் அதிபர் ஜான் குவின்சி ஆடம்ஸ் அதை வரி வரியாகப் பிரித்துப் போட்டார். 1841 மார்ச் 9 அன்று நீதிபதி ஸ்டோரி எழுதிய தீர்ப்பு, அரசாங்க முத்திரை இருந்தாலும் மோசடியாக வாங்கிய பத்திரம் என்றால் அதைத் தாண்டிப் பார்க்கலாம் என்றது. ஒருவர் மட்டும் உடன்படவில்லை. உயிரோடு மிஞ்சிய 35 பேர் 1842 ஜனவரியில் சியரா லியோன் போய்ச் சேர்ந்தார்கள். கப்பல் தலைவரின் அடிமையாக இருந்த அன்டோனியோ என்ற பையனின் கதி வேறு. அவன் நெடுநாள் ஸ்பானிய மண்ணில் அடிமையாக இருந்தவன், அவன் விஷயத்தில் காகிதம் உண்மை. அவனைத் திருப்பி அனுப்ப உத்தரவானது. அது நடப்பதற்குள் அடிமை ஒழிப்புக்காரர்கள் அவனை ரகசியமாக மாண்ட்ரியலுக்குக் கொண்டுபோய் விட்டார்கள்.